கடைசிக் குளியல்

காலையில் என் கணவர் ஒராஸ்பாய் இரண்டாவது கிண்ணம் தேநீர் கேட்டார்.

"குடத்துல இவ்வளவுதாங்க இருக்கு. தண்ணி லாரி நாளைக்குத்தான் வரும்."

"ஊத்து. நாளைக்கு நான் என்ன குளிக்கவா போறேன்?"

மதியம் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தவர் எழவில்லை.

மய்யித்தாகக் கிடந்தவரைக் குளிப்பாட்ட வந்த முல்லா வெறுங்குடத்தைப் பார்த்தார். கடல் வற்றிப்போன எங்கள் மொய்னாக் ஊரில் அன்று எந்த வீட்டிலும் தண்ணீர் இல்லை.

"லாரி வர்ற வரைக்கும் வச்சிருக்கலாமே முல்லா. குளிப்பாட்டாம எப்படி அனுப்புறது?"

"இந்த வெயில் தாங்காது அக்கா. தண்ணி இல்லேன்னா மண்ணே போதும். கடல் விட்டுட்டுப் போன மண்ணு நம்மகிட்ட ஏராளமா கிடக்கு."

உப்பு மண்ணைத் தொட்டு அவர் முகத்திலும் கைகளிலும் தடவினார்கள். உடலைச் சுற்றும் கஃபன் துணிக்கு மட்டும் குறைவில்லை. அசல் பருத்தி.

முற்றத்தில் முல்லா வழக்கப்படி கூட்டத்தைக் கேட்டார்: "எப்படிப்பட்ட மனுஷன் இவர்?"

"நல்ல மனுஷன்."

பழைய மீன்படகுக்காரர் ஒருவர் மட்டும் அதோடு நிறுத்தவில்லை.

"பெரிய இன்ஜினியர். கடலுக்குப் போற தண்ணி வீண்னு சொல்லி, ஆத்தையே பருத்திக்காட்டுக்குத் திருப்பிவிட்டவர்."

உடலைத் தூக்கினார்கள்.

இங்கிருந்து வெகுதூரத்தில், பருத்திக்காட்டு நடுவே, அவர் வெட்டிய கால்வாயில் இன்றும் தண்ணீர் கரை தொட்டு ஓடுகிறது.