விளக்கம் இல்லாத பத்து வருடம்

கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் பழைய மின்விசிறி காற்றைவிடச் சத்தத்தையே அதிகம் தருகிறது. பதினேழு வருடத்துக்கு முன் அரசுப் படகோடு காணாமல் போன ஊழியர் இறந்துவிட்டதாக ஏற்று, மனைவிக்குப் பென்ஷன் தரவேண்டும் என்று மனு. அந்த மனைவி விபாவதி ஹல்தார், கம்பியைப் பிடித்தபடி நிற்கிறாள். வகிட்டில் குங்குமம்; கையில், கணவன் உயிரோடு இருப்பவர்கள் மட்டுமே போடும் வெண்சங்கு வளையல். “கழட்டிட்டு வாங்கன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேனே மாசிமா!” என்று பல்லைக் கடிக்கிறான், வங்காள வழக்கப்படி அவளைச் சித்தி என்றழைக்கும் அவள் வக்கீல் தீபங்கர். நீதிபதி நிமிர்கிறார். “காணாமப் போய் ஏழு வருஷம் ஆனா இறந்ததா சட்டமே எடுத்துக்கும். அது முடிஞ்சதுமே வந்திருக்கலாமே. அப்புறமும் பத்து வருஷம் ஏம்மா வரல?” “உடம்பு சரியில்லைன்னு சொல்லுங்க,” என்று கிசுகிசுக்கிறான் தீபங்கர். அவள் வளையலை மெல்லத் திருகுகிறாள். ஜன்னல் வெயில் அதன் விரிசலில் வந்து நிற்கிறது. தாமதத்துக்கு விளக்கம் இல்லை, மனு தள்ளுபடி என்று நீதிபதி சொல்கிறார்; தட்டச்சு ஓடுகிறது.

வராந்தாவில் அவள் கேட்கிறாள்: “தள்ளுபடின்னா என்னப்பா?”

“எல்லாம் போச்சு. அவர் செத்துட்டார்னு கோர்ட்டு ஒத்துக்கல.”

“ஒத்துக்கலையா?” என்கிறாள், அதை அவன் இன்னொரு தரம் சொல்லமாட்டானா என்பதுபோல்.