மூன்று நண்பர்கள் போன இடம்

"மிஸ், அந்த மூணு பேரும் எங்க போயிட்டாங்க?"

போன மாதம் பள்ளி நூலகத்தில் நாலாம் வகுப்பு அஃப்னா கேட்ட கேள்வி அது. ஜெர்மனியில் எழுபது ஆண்டுகளாக மாதந்தோறும் வரும் படக்கதை; மொழி தெரியாமல் படங்களைப் பார்த்தே அவள் தொடர்ந்தாள். இடையில், வரைந்தவர் பதிப்பகத்தோடு மனத்தாங்கலாகி விலகிவிட்டார். அதுவரை ஊர் ஊராகச் சுற்றிய மூன்று நண்பர்களும் மறைந்து, வேறு மூவர் வந்துவிட்டார்கள்.

"எனக்கும் தெரியலம்மா," என்றார் நூலகர் ஷாஜினி. மேற்பார்வைக்கு வந்திருந்த துப்புரவு கம்பெனி சூப்பர்வைசர் ஜெயசீலன் சிரித்தார். அவரிடம் வேலை செய்யும் வைரவன் தரை துடைத்துக்கொண்டிருந்தான்.

இன்று ஜெயசீலன் சோதித்தபோது அந்தப் படக்கதையின் இதழ் ஒன்று வைரவனின் பைக்குள் இருந்தது.

ஜெயசீலனுக்குக் கால் கடுத்தது. ஷார்ஜாவில் இன்று இது மூன்றாவது பள்ளி, இன்னும் ஒன்று பாக்கி. ஒருவனை ஊருக்கு அனுப்பும் தெம்பு அவருக்கு இல்லை. ஆனால் திருட்டென்றால் விசா ரத்து, அதுதான் கம்பெனி சட்டம்.

"ஏம்ல எடுத்தே?"

"எடுக்கல சார். வைக்கத்தான் வந்தேன்."

"மாட்டிக்கிட்டா எல்லாப் பயலும் இதத்தாம்ல சொல்லுதான். ஜெர்மன் வேற படிப்பியோ?"

"தமிழே எழுத்துக்கூட்டித்தான் சார்."

ஜெயசீலன் இதழைப் புரட்டினார். நூலக முத்திரை எங்கும் இல்லை. "சீல் குத்துனதையும் அழிச்சிட்டியா? பொண்டாட்டி புள்ளைய நெனச்சுப் பாத்தியால?"



ஷாஜினி வந்து இதழின் எண்ணைப் பார்த்தார். அலமாரிக்குப் போய் வரிசையில் விரல் ஓட்டினார். திரும்பி வர நேரமானது.

"எத்தனை குறையுது மேடம்? ரிப்போர்ட் எழுதணும்."

"ஒண்ணும் குறையல சார். இந்த இதழ் நம்மகிட்ட இருந்ததே இல்ல. அந்த மூணு பேரும் கடைசியா வர்ற இதழ் இது."

ஜெயசீலன் பேனாவை மூடினார். "எங்கல கெடச்சுது?"

"நான் துடைக்கப் போற வில்லாவுல ஒரு ஜெர்மன் குடும்பம் காலி பண்ணுனாங்க சார். கேட்டு வாங்குனேன். தெனம் தூசி தட்டுற வரிசைதானே, எந்த நம்பர் இல்லன்னு தெரியும்."

"எதுக்குல இந்த வேலை?"

"ஜூன் வெயில்ல நான் மயங்கி விழுந்தப்ப, அஃப்னா பாப்பாதான் தன் பாட்டில் தண்ணியக் குடுத்துச்சு. யாரு வச்சான்னு அதுக்குத் தெரிய வேணாம் சார்."

ஷாஜினி வெளியே நடந்தார். ஜெயசீலன் இதழை வைரவன் கையில் கொடுத்துவிட்டு, வாசலில் நின்று கதவை இழுத்துச் சாத்தினார்.

"நாங்க யாரும் பாக்கல. வச்சிட்டு வால."