திறக்காத நண்பர்கள் பட்டியல்

கேம் செயலியில் நண்பர்கள் பட்டியல் மட்டும் திறக்கவில்லை. வெள்ளை வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. நிரஞ்சன் மூன்றாவது முறையாக ரவுட்டரை அணைத்துப் போட்டான்.

"கேம் நல்லாத்தானே ஓடுது? என்னை ஏன்டா படுத்துற?" என்று சீறியது ரவுட்டர்.

"செயலியையே அழிச்சுத் திரும்ப ஏத்தியாச்சு. என் வயிறு தேஞ்சதுதான் மிச்சம்," என்றது மவுஸ். "பாவம், நண்பர்களப் பாக்காம துடிக்கிறான்."

"துடிக்கிறானாம்! இவன் மூஞ்சிக்கு நானே அதிகம். திறந்தா தெரியும்," என்ற வட்டம் சட்டென்று மறைந்தது.

பட்டியல் விரிந்தது. இருநூற்றுப் பதினான்கு பேர். அடுத்த நொடியே ஒருவன், "மச்சி, இருக்கியா? ஒரு கேம் போடலாமா?" என்று கேட்டான்.

நிரஞ்சன் பதறிப்போய் மவுஸை இழுத்து, தன் பெயர் 'ஆஃப்லைன்' என்று காட்டும்படி மாற்றினான்.

"தூ! இதுக்கா என்னை மூணு தடவை சாகடிச்ச?" என்றது ரவுட்டர்.