நீதிமன்றம் கலையும்வரை

நீதிபதி எழுந்து போகும்வரை அதிகாரி அந்த மூலை நாற்காலியில் உட்கார்ந்திருக்க வேண்டும். அவமதிப்பு வழக்கில் அவருக்குக் கிடைத்த தண்டனை அது.

வழக்குப் போட்டவள் கடிகாரக்கடைக்காரரின் மனைவி. நில அளவை அலுவலகத்தில் வேலை. காரணமே சொல்லாமல் அவளை இரண்டு பஸ் மாறிப் போகிற ஊருக்குத் தூக்கியடித்திருந்தார் அதிகாரி. மாற்றல் செல்லாது, பழைய இடத்திலேயே சேர்த்துக்கொள் என்று நீதிமன்றம் சொல்லியும் நான்கு மாதம் அசையவில்லை.

என்ன காரணம் என்று இன்று காலை நீதிபதி மூன்று முறை கேட்டார். அதிகாரி கோப்பைத் திறந்தார். பின்வரிசையில் இருந்த கடிகாரக்காரர் பெஞ்சின் நுனிக்கு நகர்ந்தார். பிறகு மூடிவிட்டார். மன்னிப்பு மட்டும் கேட்டுக்கொண்டு, நாளையே சேர்த்துக்கொள்வதாகச் சொன்னார்.

நாளையே.

அதிகாரியின் கண்ணாடி அறைக்கு நேர் எதிரே அவள் மேசை. ஜெயித்தது மனைவிதான், ஆனால் கடிகாரக்காரர் முகத்தில் ஈயாடவில்லை.

அந்த ஆள் தண்டனையில்கூடச் சட்டை கசங்காமல் உட்கார்ந்திருந்தார். தலை நரைத்திருந்தது, அதுவும் அழகாக நரைத்திருந்தது. நரைப்பதில்கூட ஒரு மனுஷனுக்கு இவ்வளவு யோகமா என்று கடிகாரக்காரர் தன் வழுக்கையைத் தடவிக்கொண்டார்.

சுவர்க் கடிகாரம் நான்கு நிமிடம் பின்தங்கி ஓடியது. சரிசெய்யக் கை துறுதுறுத்தது. வேண்டாம், நான்கு நிமிடம் கூடுதலாகவே உட்காரட்டும்.

"பாவங்க, காலையிலேர்ந்து ஒரு வாய் தண்ணிகூடக் குடிக்கல," என்றாள் மனைவி.

எட்டு வருஷமாகக் கண்ணில் லென்ஸைச் செருகிக்கொண்டு பகலெல்லாம் கடையில் குனிந்து கிடக்கிறார். தண்ணீர் குடித்தீர்களா என்று அவள் கேட்டதாக அவருக்கு ஞாபகமில்லை. வயிறு எரிந்தது.

ஒருவழியாக நீதிபதி எழுந்தார். மனைவி உத்தரவின் நகல் வாங்க ஓடினாள். அதிகாரி நேராகக் கடிகாரக்காரரிடம் வந்து, கோப்பிலிருந்து ஒரு கவரை எடுத்து நீட்டினார்.

"யாரோ வயித்தெரிச்சல் புடிச்சவன் எழுதினது. இதக் காட்டியிருந்தா நான் தப்பிச்சிருப்பேன், உங்க வீட்டம்மா பேரு நாறியிருக்கும். அவங்க கண்ணுல படாமக் கிழிச்சுப் போட்டுடுங்க சார்."

உள்ளே மூன்று மொட்டைக் கடுதாசிகள். அதிகாரியையும் அவளையும் முடிச்சுப்போட்டு எழுதியவை. அவளைத் திரும்பச் சேர்த்தால் சுவர் சுவராக ஒட்டுவேன் என்று மூன்றாவதில் மிரட்டல்.

கடிகாரக்காரர் எதையும் படிக்கவில்லை. படிக்கத் தேவையில்லை. எழுத்துகள் கோணல்மாணலாகக் கிடந்தன. இடது கையால் எழுதினால் அப்படித்தான் வரும். மத்தியானத்தில் கடைக் கதவைச் சாத்திக்கொண்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு மணி நேரம் மெனக்கெட்டிருந்தார்.

தப்பித்தோம் என்று அவர் பெருமூச்சு விட்டிருக்க வேண்டும், விடவில்லை. கவரைச் சட்டைக்குள் திணித்துக்கொண்டு, வாசலைத் தாண்டிப் போகும் அந்த முதுகையே பார்த்துக்கொண்டிருந்தார்.

இவள் பேரைக் காப்பாற்ற ஒருத்தன் நாளெல்லாம் அவமானப்பட்டு உட்கார்ந்திருக்கிறான். சும்மாவா உட்கார்ந்திருப்பான்?

கடிகாரக்காரருக்கு இடது கை துறுதுறுத்தது.