ஆறாவது இலக்கம்

லாரி உதிரிபாகக் கடை வைத்திருக்கும் ராசப்பன், வங்கிக் கணக்குத் தொடங்கும்போது தவறிப்போய் மனைவி பூங்கோதையின் போன் நம்பரைக் கொடுத்துவிட்டார். அதை மாற்றச் சோம்பல். அவர் பணம் அனுப்பும்போதெல்லாம் ஓடிபி அவளுக்குத்தான் வரும். கடையிலிருந்து ஒரு நாளைக்குப் பத்து முறை கூப்பிடுவார். அவள் ஆறு இலக்கத்தையும் சொல்லிவிட்டு, “சாப்டீங்களா?” என்பாள்.

பிறகு, பிடிக்கும் பிடியையும் விரல் தட்டும் அழுத்தத்தையும் வைத்தே போன் ஆளைத் தெரிந்துகொள்ளும் காலம் வந்தது. ஓடிபி ஒழிந்தது. ஓடிபி கேட்டு ஏமாற்றும் திருடர்கள் ஓய்ந்தார்கள். பூங்கோதையின் போனும் ஓய்ந்தது. சும்மா கூப்பிட இரண்டு பேருக்குமே கூச்சம். அப்படியே ஏழு வருஷம் போய்விட்டது.

இன்று பதினோரு மணிக்குப் போன் அடித்தது.

“கோதை, நம்பர் வந்துச்சா?”

அவள் திரையைப் பார்த்தாள். எதுவும் வந்திருக்கவில்லை.

“வந்துச்சுங்க. நாலு… ஏழு… ரெண்டு…” என்று மனதில் தோன்றியதை நிதானமாகச் சொன்னாள். அவரும் ஒவ்வொன்றாகத் திருப்பிச் சொன்னார். ஐந்தாவது இலக்கத்தோடு அவள் நிறுத்திக்கொண்டாள்.

“ஆறாவது?”

“இருங்க, கண்ணாடியத் தேடறேன்.”

கண்ணாடி அவள் மூக்கில்தான் இருந்தது.

“மெதுவாத் தேடு,” என்றார் ராசப்பன்.