ஈடு மீட்ட நாள்

நூறு ரூபாத் தாள்களை ஏரம்பர் இரண்டாம் முறையும் எண்ணினார்.

மொத்தம் ஐம்பது தாள்கள். சீதேவி அவருடைய விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒன்று குறைந்தாலும் இன்னுமொரு வருசம் போய்விடும் என்று அவளுக்குப் பயமாக இருந்தது.

ஊர்காவற்றுறையில் காணிப் பத்திரம் எழுதும் நொத்தாரிசு குமாரசுவாமியின் கந்தோர் அது. பழைய நொத்தாரிசு போன வருசம் காலமான பின் இந்த ஊருக்கு வந்த இளம் மனிதர் இவர். ஊராட்களை இன்னும் சரியாகத் தெரியாது.

"சரி, முதல் முழுக்க வந்திட்டுது," என்றார் ஏரம்பர். "இந்த வருச வட்டியும் தந்தாச்சு. இனி எனக்கும் பிள்ளைக்கும் இடையிலை ஒண்டுமில்லை."

இந்த ஒரு சொல்லுக்காக அவள் எத்தனையோ வருசமாகக் காத்திருந்தாள். வந்தபோது நெஞ்சுக்குள் ஒன்றும் அசையவில்லை.

சுருவிலில் இருக்கிற கல்வீட்டை அவளுடைய தகப்பன் தம்பிஐயா ஐம்பத்தெட்டாம் ஆண்டு பங்குனியில் ஏரம்பரிடம் ஈடு வைத்தார். ஐயாயிரம் ரூபா. நூற்றுக்குப் பன்னிரண்டு வட்டி, வருசத்துக்கு அறுநூறு. இரண்டு வருசத்தில் மீட்டுவிடலாம் என்று நினைத்துத்தான் வைத்தார்.

ஏழு வருசம் புகையிலை விற்று வட்டி கட்டினார். எட்டாம் வருசம் அவரைப் பாடையில் வைத்து அந்த வீட்டு வாசலால் கொண்டு போனார்கள்.

வீடு ஒரே மகளான சீதேவிக்கு வந்தது. ஈடும் வந்தது.

வேலணையில் ஒரு பள்ளிக்கூடத்தில் அவள் படிப்பித்தாள். ஐந்தாம் வகுப்புக்கு வட்டிக் கணக்கும் அவள்தான். முதல், வட்டி, காலம் என்று மூன்றையும் கரும்பலகையில் எழுதிப் போடுவாள். அப்படிப்பட்டவள் சம்பளத்தில் மாதம் ஐம்பது ரூபாவாக எடுத்து வைத்து மூன்று வருசம் கட்டிய பிறகுதான் ஒருநாள் ஏரம்பரிடம், இன்னும் எவ்வளவு மிச்சம் என்று கேட்டாள்.

"முதல் அப்பிடியே நிக்குது, பிள்ளை. நீ தந்தது வட்டி."

அன்று திரும்பி வரும்போது றோட்டோரத்தில் நின்று மனதுக்குள் கணக்குப் பார்த்தாள். தகப்பன் கட்டியதும் அவள் கட்டியதுமாக ஆறாயிரம் போய்விட்டது. ஐயாயிரமோ கல்லுப் போல அப்படியே கிடக்கிறது. மதகில் உட்கார்ந்தாள். பஸ் வந்து நின்று, கொண்டக்டர் கூப்பிட்டுப் பார்த்துவிட்டுப் போய்விட்டான்.

அதன்பிறகு வட்டியோடு முதலுக்கும் சேர்க்கத் தொடங்கினாள். காப்பு போனது. கிழக்குப் பக்கத்துப் பனங்காணி போனது. சீட்டுக் கட்டினாள். குசினிக் கூரை இறங்கியபோது ஓடு வாங்காமல் பழைய தகரத்தை இழுத்துப் போட்டாள்.

தாயின் கண்ணில் வெள்ளை படர்ந்தது. யாழ்ப்பாணம் கொண்டுபோய் வெட்டுவித்தால் பார்வை வரும் என்றார்கள். "அடுத்த வருசம் பாப்பம், அம்மா," என்றாள் சீதேவி. நாலு முறை அப்படிச் சொன்னாள். ஐந்தாம் முறை சொல்லத் தேவை வரவில்லை. கடைசி வருசம் கிழவி சுவரைத் தடவித் தடவித்தான் அந்த வீட்டுக்குள் நடந்தது.

எல்லாமாகப் பதினையாயிரத்து எண்ணூறு ரூபா. அதே மாதிரி மூன்று தரம் கடன் பட்டிருக்கலாம். காசுக் கணக்கு மட்டும்தான் அது.

நொத்தாரிசு பழைய ஈட்டு உறுதிப் பத்திரத்தைப் பிரித்தார். ரத்துச் செய்யமுன் ஒருமுறை வாசிக்கவேண்டும் என்றார். காணியின் நாலு எல்லைகளும் வந்தன. கிணற்றுப் பங்கு வந்தது. பிறகு, தம்பிஐயா எதற்காகக் காசு வாங்கினார் என்ற வரி வந்தது.

"எனது மகள் சீதேவிக்குச் சீதனக் காசு கொடுக்கும் பொருட்டு."

அவர் நிமிர்ந்து சிரித்தார். "அப்ப ரீச்சர், உங்கடை கலியாணக் கடனை நீங்களே கட்டி முடிச்சிருக்கிறியள்."

ஏரம்பர் நிலத்தைப் பார்த்தார்.

நொத்தாரிசு புதுத் தாள் ஒன்றை எடுத்து அவளுடைய பெயரை எழுதினார். எழுதிவிட்டு அவள் கழுத்தில் கிடந்த தாலிக்கொடியைப் பார்த்தார்.

"இன்னாற்றை பெண்சாதி எண்டு போடவேணும். மனுசன்ரை பேரென்ன?"

அந்தப் பெயரை அவள் ஒருநாளும் வாயால் சொன்னதில்லை.

ஈடு வைத்த அடுத்த மாதம், சித்திரையில் கலியாணம். சீதனக் காசு ஐயாயிரத்தையும் அவர் தெற்கே ஒரு பட்டினத்தில் இருந்த தன் கடைக்குள் போட்டார். தமிழருக்கு எதிரான வைகாசிக் கலவரத்தில் அந்தக் கடைத்தெரு எரிந்தது. தப்பியவர்கள் கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து இறங்கினார்கள். அவர்களுக்குள் அவர் இல்லை. செத்துப் போனார் என்று சொல்லவும் ஒருவரும் வரவில்லை. கொடியைக் கழற்று என்று அவளிடம் யார் சொல்வது?

"பெண்சாதி எண்டு எழுத ஆளில்லை," என்றாள் சீதேவி. "விதவை எண்டு எழுத என்னட்டைக் கடுதாசி இல்லை. கலியாணம் முடிச்சுப் பத்தொன்பது நாள்தான் வீட்டிலை இருந்தவர்."

நொத்தாரிசு பேனையைக் கீழே வைத்தார்.

வெளியே துறையில் படகு ஒன்று புறப்படும் சத்தம் கேட்டது.

"தம்பிஐயா மகள் எண்டு எழுதுங்கோ," என்றாள்.