சேற்றுக்குள் தெரிந்த முழி

"மூஞ்சியைக் கழுவிட்டு நிறுத்தினா எனக்கு எப்படி சார் அடையாளம் தெரியும்? சேத்தைப் பூசுங்க!" என்று அதட்டினாள் வெர்னா.

கார்னிவல் திங்கட்கிழமை விடியலில் டிரினிடாட் தீவே சேறு பூசி ஆடிக்கொண்டிருந்தபோதுதான், சேறு பூசிய எவனோ அவள் கண்ணெதிரே அவள் தம்பியின் மண்டையை உடைத்துவிட்டு ஓடினான்.

அடையாள அணிவகுப்புக்கு வந்தவர்களை இன்ஸ்பெக்டர் உள்ளே அழைத்துப்போய், ஐந்து பேராகச் சேறு பூசவைத்து நிறுத்தினார்.

வெர்னா தயங்கவேயில்லை. "மூணாவது ஆளு! இந்த முழியைச் செத்தாலும் மறக்க மாட்டேன்."

"நல்லாப் பாத்துச் சொல்லுங்க. ஒருத்தன் ஜெயிலுக்குப் போகப்போறான்."

"என் தம்பி மேல சத்தியம். இவன்தான்!"

இன்ஸ்பெக்டர் பெருமூச்சு விட்டார். "சேறு பூச ஒருத்தன் மாட்டேன்னுட்டான். வரிசைக்கு ஒரு ஆள் குறைஞ்சுதும்மா. வெளியே உட்கார்ந்திருந்த உங்க வீட்டுக்காரரைத்தான் அங்கே நிறுத்தினேன்."

மூன்றாவது ஆள் அசடு வழியச் சிரித்தான்.

வெர்னா இடுப்பில் கைவைத்தபடி அவனை நெருங்கினாள்.

"லிண்டன், அன்னிக்கு விடியக்காலையில நீ எங்கே இருந்தே?"